ஆர்சிசிபி அடிக்கடி விழுகிறதா? எப்போது விழுகிறது என்று பாருங்கள்

போன ஐப்பசி மாதம் ஒரு வீட்டிலிருந்து கூப்பிட்டார்கள். குளியலறைக் குழாயைத் தொட்டால் சுர்ரென்று இழுக்கிறதாம். போய், வீட்டு லைன்களின் ட்ரிப்பர்கள் வரிசையாக இருக்கும் டிபி பாக்ஸைத் திறந்தேன். கரண்ட் கசிந்தால் லீவர் விழுந்து மின்சாரத்தை வெட்டும் ஆர்சிசிபி நிமிர்ந்துதான் நின்றது. ஆனால் அதன் மேல் முனையிலிருந்து கீழ் முனைக்கு இரண்டு துண்டு வயர் பாலம் போட்டிருந்தது. "அது சும்மா சும்மா விழுந்துக்கிட்டே இருந்துச்சு சார், முன்னாடி வந்த பையன் டைரக்ட் பண்ணிட்டுப் போயிட்டான்" என்றார் வீட்டுக்காரர். அதற்கும் முன்பு, விழுவதை நிறுத்த, கீசரின் எர்த் வயரையும் அதே பையன் கழற்றி விட்டிருக்கிறார். கீசர் காயிலில் மின்கசிவு. எர்த்தைப் பிடுங்கியதும் கசிவு தண்ணீர்க் குழாய் வழியாக இறங்கியது. அப்போதும் ஆர்சிசிபி விழுந்திருக்கிறது, அதனால்தான் பாலம்.

வயரிங் வேலையில் நான் பார்த்தவரை ஆர்சிசிபி தானாகக் கெட்டுப்போய் விழுவது அபூர்வம். பெரும்பாலும் அது உண்மையைத்தான் சொல்கிறது. எந்த நேரத்தில், எதைச் செய்யும்போது விழுகிறது என்று வீட்டில் உள்ளவர்கள் கவனித்து வைத்தால் பாதி வேலை முடிந்தது. ஆகவே வயர்மேனைக் கூப்பிடும் முன் கீழே உள்ளவற்றில் உங்கள் வீட்டுக் கதை எது என்று பாருங்கள்.

ஒரு எச்சரிக்கை. நீங்கள் தொட வேண்டியது லீவர்களையும் பிளக்குகளையும் மட்டும்தான். கை உலர்ந்திருக்க வேண்டும், காலில் செருப்பு இருக்க வேண்டும். டிபி பாக்ஸின் மூடித்தகட்டைக் கழற்றும் வேலை லைசென்ஸ் உள்ளவருடையது.

முதலில், விழுந்தது எது?

பலர் "ட்ரிப்பர் விழுந்துடுச்சு" என்று பொதுவாகச் சொல்லிவிடுகிறார்கள். டிபி பாக்ஸில் வரிசையாக ஒரு விரல் அகலத்தில் நிற்பவை எம்சிபி. அதிக லோடு, ஷார்ட் சர்க்யூட் இரண்டையும் அவை பார்த்துக்கொள்ளும். இரண்டு விரல் அகலத்தில், ஓரத்தில் ஒரு சின்ன டெஸ்ட் பட்டனோடு, 30 மில்லி ஆம்பியர் அல்லது 0.03 ஆம்பியர் என்று அச்சிட்டிருப்பது ஆர்சிசிபி. பழைய பழக்கத்தில் இதை ஈஎல்சிபி என்றும் சொல்வோம். மூன்று ஃபேஸ் வீடுகளில் நான்கு விரல் அகலம் இருக்கும். விழுந்தது எம்சிபி என்றால் இந்தக் கட்டுரை உங்களுக்கு அல்ல.

ஆர்சிசிபி செய்வது கணக்குப் பார்க்கும் வேலை. ஃபேஸில் வீட்டுக்குள் போன மின்சாரம் அத்தனையும் நியூட்ரல் வழியாகத் திரும்பி வர வேண்டும். போகிற வயரையும் வருகிற வயரையும் ஒரே இரும்பு வளையத்துக்குள் விட்டு, இரண்டுக்கும் வித்தியாசம் வருகிறதா என்று அது பார்த்துக்கொண்டே இருக்கிறது. வித்தியாசம் வந்தால், வேறெங்கோ ஒழுகுகிறது என்று பொருள். அது கீசரின் உடம்பாக இருக்கலாம், ஈரச் சுவராக இருக்கலாம், ஒரு மனிதராகவும் இருக்கலாம். 30 மில்லி ஆம்பியர் கசிந்தால் 0.3 வினாடிக்குள் வெட்ட வேண்டும், ஐந்து மடங்கு கசிந்தால் 0.04 வினாடிக்குள் வெட்ட வேண்டும் என்பது விதி. மனித உடம்புக்கு 1 மில்லி ஆம்பியரிலேயே சுருக்கென்று தெரியும். 10 மில்லி ஆம்பியரைத் தாண்டினால் பிடித்த கையை விட முடியாமல் போகலாம். அமெரிக்காவில் 1961-இல் சார்லஸ் டால்சியல் என்ற பேராசிரியர் உருவாக்கிய வகை சுமார் 5 மில்லி ஆம்பியரிலேயே வெட்டிவிடும். அங்கே அதைச் சமையலறை, குளியலறை சாக்கெட்டுகளிலேயே பொருத்துகிறார்கள். நம் ஊரில் வீடு முழுவதற்கும் டிபி பாக்ஸில் ஒன்று என்பதுதான் வழக்கம். ஒரு மூலையில் கசிந்தாலும் வீடே இருட்டாவது இதனால்தான்.

"எம்சிபி இருக்கே, போதாதா?" என்று கேட்பவர்களுக்கு ஒரு கணக்கு. உங்கள் எர்த் குழியின் தடை 5 ஓம் என்று வையுங்கள், வீட்டுக்கு அது நல்ல குழிதான். ஃபேஸ் வயர் கீசரின் உடம்பில் முழுதாக உரசினாலும் ஓடுவது 230-ஐ 5-ஆல் வகுத்த 46 ஆம்பியர். 16 ஆம்பியர் சி வகை எம்சிபி உடனே விழ வேண்டுமென்றால் குறைந்தது 80 ஆம்பியர் வேண்டும். அதுவரை அது சூடாகிக்கொண்டே நிற்கும், கீசரின் உடம்பிலும் கரண்ட் நிற்கும். ஆர்சிசிபிக்கு 46 ஆம்பியர் வேண்டாம், அதில் ஆயிரத்தில் ஒரு பங்கு போதும்.

ஏற்றிய நொடியிலேயே விழுகிறது

வீட்டில் உள்ள எல்லா பிளக்குகளையும் பிடுங்குங்கள். ஸ்விட்சை ஆஃப் செய்தால் போதாதா என்றால், போதாது. ஸ்விட்ச் ஃபேஸை மட்டும்தான் வெட்டும். நியூட்ரல் அந்தப் பொருளோடு சேர்ந்தே இருக்கும், அதன் வழியாகவும் கசியலாம். ஃபிரிட்ஜ், டிவி, வைஃபை பெட்டி, மாடியில் உள்ள வாஷிங் மெஷின், எதையும் விடாதீர்கள்.

அப்புறம் எல்லா எம்சிபிகளையும் இறக்குங்கள். ஆர்சிசிபியின் லீவர் சில மாடல்களில் பாதியில் நிற்கும். அதை முழுக்கக் கீழே இறக்கிவிட்டுத்தான் மேலே தள்ள வேண்டும். இது தெரியாமல் "ஏறவே மாட்டேங்குது" என்று கூப்பிட்டவர்கள் உண்டு.

நின்றுவிட்டதா? சரி. எம்சிபிகளை ஒவ்வொன்றாக, கொஞ்சம் இடைவெளி விட்டு ஏற்றுங்கள். எதை ஏற்றியதும் விழுகிறதோ அந்த லைனில்தான் கோளாறு. அதை மட்டும் இறக்கி வைத்துவிட்டு மற்றதை ஓட்டலாம், வயர்மேன் வரும்வரை வீடு இருட்டில் கிடக்க வேண்டியதில்லை. எல்லாம் ஏறி நின்றுவிட்டால் கோளாறு பெரும்பாலும் வயரிங்கில் இல்லை, பிடுங்கிய பொருள்களில் ஒன்றில் இருக்கிறது. ஒவ்வொரு பிளக்காகச் செருகிப் பாருங்கள்.

எல்லா எம்சிபியும் இறங்கியிருக்க, பிளக்குகளும் வெளியே இருக்க, அப்போதும் நிற்கவில்லை என்றால் இரண்டில் ஒன்று. நம் வீடுகளில் எம்சிபி பெரும்பாலும் ஒற்றை முனை, ஃபேஸை மட்டும் வெட்டுவது. எல்லா லைன்களின் நியூட்ரலும் ஒரே பித்தளைப் பட்டையில் சேர்ந்தே இருக்கும். அதில் ஏதோ ஒன்று எங்கோ எர்த்தைத் தொட்டுக்கொண்டிருக்கலாம். அல்லது ஆர்சிசிபியே போயிருக்கலாம். வயர்மேன் மெயினை அணைத்துவிட்டு ஆர்சிசிபியிலிருந்து வீட்டுக்குள் போகும் இரண்டு வயரையும் கழற்றிவிட்டு ஏற்றிப் பார்ப்பார். அப்போதும் விழுந்தால் ஆர்சிசிபியை மாற்ற வேண்டியதுதான். நின்றால், நியூட்ரலை ஒவ்வொன்றாகப் பிரித்து, வயரின் உறை கசிகிறதா என்று அளக்கும் மெகர் வைத்துத் தேட வேண்டும். 500 வோல்ட் மெகரில் ஒரு மெகா ஓமுக்குக் கீழே காட்டும் லைன்தான் குற்றவாளி.

ஒரு பொருளைப் போட்டால் மட்டும் விழுகிறது

இதில் சந்தேகத்துக்கே இடமில்லை, அந்தப் பொருள்தான். ஆனால் போட்ட எத்தனை நிமிடத்தில் விழுகிறது என்று பாருங்கள். ரிப்பேர் செய்பவருக்கு அது பெரிய துப்பு.

கீசர் போட்டவுடன் விழுந்தால் காயில் வெடித்துத் தண்ணீர் உள்ளே போய்விட்டது. பத்து நிமிடம் ஓடிச் சூடான பிறகு விழுந்தால் காயிலில் மயிரிழை விரிசல் இருக்கலாம், சூட்டில் விரிந்ததும் கசிகிறது. போர் தண்ணீர் ஊர்களில் காயில் மேல் உப்பு கெட்டியாகப் படிந்து, உறையே அரித்துப்போகும்.

வாஷிங் மெஷின் தண்ணீர் பிடிக்கும்வரை சும்மா இருந்து, சுடுநீர் கட்டத்தில் விழுந்தால் ஹீட்டர். சுற்றிப் பிழியும்போது விழுந்தால் மோட்டார், அல்லது மோட்டார் மேல் சொட்டும் ஏதோ ஒரு குழாய்.

ஃபிரிட்ஜ் கதைதான் மனிதரைப் பைத்தியமாக்கும். பனி உறையாத வகை ஃபிரிட்ஜில் ஐஸை உருக்க ஒரு சின்ன ஹீட்டர் உண்டு. பல மணி நேரத்துக்கு ஒருமுறைதான் அது வேலை செய்யும். அதில் கசிவு இருந்தால் நடு இரவில் வீடே இருட்டாகும். எழுந்து போய் ஏற்றினால் மறுநாள்வரை விழாது. "பேய் மாதிரி மூணு மணிக்கு விழுது" என்றால் நான் முதலில் பார்ப்பது ஃபிரிட்ஜைத்தான்.

வெட் கிரைண்டரில் பெரும்பாலும் கழுவும்போது தண்ணீர் ஸ்விட்சுக்குள் இறங்கியிருக்கும். ஒரு நாள் வெயிலில் காய்ந்தால் சரியாகிவிடும், ஆனால் மறுபடி வரும்.

வாளியில் போடும் ஹீட்டர் ராடு பற்றி எனக்கு நல்ல அபிப்பிராயம் கிடையாது. அது விழச் செய்தால் ரிப்பேருக்குக் கொடுக்காதீர்கள், தூக்கிப் போடுங்கள்.

எதைப் போட்டாலும் விழுகிறது, ஆனால் பெரிய லோடு போட்டால்தான்

லைட், ஃபேன் போட்டால் ஒன்றும் இல்லை. அயர்ன் பாக்ஸ் போட்டால் விழுகிறது. வேறு அறையில் போட்டாலும் விழுகிறது. பக்கத்து வீட்டு அயர்ன் பாக்ஸை வாங்கி வந்து போட்டாலும் விழுகிறது. இந்த மூன்றாவது சோதனையைச் செய்யாமல் புது அயர்ன் பாக்ஸ் வாங்கிவிட்டு வருத்தப்பட்டவர்கள் ஏராளம்.

கோளாறு பொருளில் இல்லை. வீட்டுக்குள் எங்கோ நியூட்ரலும் எர்த்தும் தொட்டுக்கொண்டிருக்கின்றன. திரும்பி வரும் மின்சாரத்துக்கு இரண்டு பாதை கிடைத்துவிட்டது. பெரும்பகுதி நியூட்ரலில் வரும், ஒரு சிறுபகுதி எர்த் வழியாகப் போய்விடும். சின்ன லோடில் அந்தச் சிறுபகுதி 30 மில்லி ஆம்பியரை எட்டாது. அயர்ன் பாக்ஸ் 4 ஆம்பியருக்கு மேல் இழுக்கும், அதில் நூற்றில் ஒரு பங்கு எர்த் பக்கம் போனாலே கதை முடிந்தது.

எங்கே தொடும்? காலண்டர் மாட்ட அடித்த ஆணி. ஃபால்ஸ் சீலிங் வேலைக்காரர் முடுக்கிய திருகு. எலி கடித்த வயர். புதிதாக மாடி எடுத்தபோது யாரோ அவசரத்தில் சாக்கெட்டுக்குள் நியூட்ரலிலிருந்து எர்த் முனைக்குப் போட்ட ஒரு சின்ன லூப். இந்தக் கடைசி ஆளை மன்னிக்கவே முடியாது. எர்த் வயர் இழுக்கச் சோம்பல்பட்டு அப்படிச் செய்கிறார்கள். ஒரு நாள் நியூட்ரல் எங்காவது அறுந்தால், அந்த சாக்கெட்டில் உள்ள ஃபிரிட்ஜின் உடம்பு முழுவதும் 230 வோல்ட் ஏறி நிற்கும்.

ஆகவே கடைசியாகச் சுவரில் என்ன வேலை நடந்தது என்று யோசித்து வயர்மேனிடம் சொல்லுங்கள்.

இன்வெர்ட்டர் வைத்த நாளிலிருந்து விழுகிறது

இதற்குப் பதில் அநேகமாக ஒன்றுதான்: நியூட்ரல் கலந்துவிட்டது. இன்வெர்ட்டர் வைப்பவர் லைட், ஃபேன் ஃபேஸை மட்டும் பிரித்து இன்வெர்ட்டருக்குக் கொடுத்துவிட்டு, நியூட்ரலைப் பழைய பட்டையிலேயே விட்டுவிடுவார். ஆர்சிசிபிக்கு முன்னாலிருந்து போன மின்சாரம் அதன் பின்னால் வழியாகத் திரும்பினால், வளையத்துக்குள் கணக்கு இடிக்கும். உண்மையில் கசிவே இல்லாமல் விழும். இரண்டு ஆர்சிசிபி உள்ள வீட்டில் இரண்டின் நியூட்ரலும் எங்கோ ஒரு ஸ்விட்ச் போர்டில் சேர்ந்திருந்தாலும் இதே தொல்லைதான். ஒரு ஆர்சிசிபியின் ஃபேஸில் போனது அதே ஆர்சிசிபியின் நியூட்ரலில்தான் திரும்ப வேண்டும். அதை வயர்மேன் பிரித்துக் கொடுத்துவிட்டால் முடிந்தது.

இன்னொன்றையும் அப்போதே கேட்டுக்கொள்ளுங்கள். கரண்ட் போய் பேட்டரியில் ஓடும்போது மெயின் ஆர்சிசிபி காவல் இருக்கிறதா என்பது எப்படி இணைத்திருக்கிறார்கள் என்பதைப் பொறுத்தது, அதை நம்பி இருக்க முடியாது. இன்வெர்ட்டரின் வெளிவரும் லைனுக்குத் தனியாக ஒரு ஆர்சிசிபி போடச் சொல்லுங்கள்.

மழை பெய்தால் விழுகிறது

ஐப்பசி, கார்த்திகையில் வரும் அழைப்புகளில் பெரும்பகுதி இதுதான். கேட்டில் உள்ள காலிங் பெல் ஸ்விட்ச், மாடிப்படி லைட், மொட்டை மாடி டேங்க் பக்கத்து சாக்கெட், சம்ப் மோட்டாரின் ஸ்விட்ச் பெட்டி என்று வெளியே நனையக்கூடியவற்றை எண்ணுங்கள். தீபாவளிக்குப் போட்ட சீரியல் லைட் இன்னும் தொங்குகிறதா என்றும் பாருங்கள். மழை விட்டு இரண்டு நாள் கழித்தும் விழுந்தால் சுவர் ஊறிப்போய், குழாய்க்குள் தண்ணீர் நிற்கிறது.

நீர்மூழ்கி மோட்டாருக்கு எப்போதும் தனி ஆர்சிசிபிதான் நல்லது. தண்ணீருக்குள் உள்ள கேபிள் இணைப்பு வருஷங்கள் போகப் போகக் கசிய ஆரம்பிக்கும். தனியாக இருந்தால் மோட்டார் மட்டும் நிற்கும், வீடு நிற்காது.

காரணமே தெரியாமல் வாரத்துக்கு ஒருமுறை விழுகிறது

ஒரே ஒரு குற்றவாளி இல்லாமலும் இருக்கலாம். கம்ப்யூட்டர், டிவி, எல்இடி லைட், சார்ஜர் எல்லாவற்றிலும் இரைச்சலை வடிகட்டும் கெப்பாசிட்டர் உண்டு. ஒவ்வொன்றும் கொஞ்சம் கொஞ்சம் எர்த்துக்கு விடும், அது கோளாறு அல்ல. ஆர்சிசிபி 15 மில்லி ஆம்பியர் வரை விழக்கூடாது, 30-இல் கட்டாயம் விழ வேண்டும். நடுவில் எங்கு வேண்டுமானாலும் விழலாம். சில்லறைக் கசிவெல்லாம் சேர்ந்து 12, 13 வந்துவிட்டால், ஏசி ஸ்டார்ட் ஆகும் நொடியிலோ இடி இடிக்கும்போதோ தள்ளிவிடும். லைனைப் பிரித்து இரண்டு மூன்று ஆர்சிசிபி போடுவதுதான் வழி. செலவு செய்ய முடிந்தால் ஒவ்வொரு லைனுக்கும் ஆர்சிபிஓ போடலாம், எம்சிபி வேலையும் ஆர்சிசிபி வேலையும் சேர்ந்தது அது. 100 மில்லி ஆம்பியர் வகையை மாற்றிப் போட்டால் விழாது என்று யாராவது சொன்னால் வேண்டாம் என்று சொல்லுங்கள். அது தீப்பிடிப்பதைத் தடுக்கலாம், ஆளைக் காப்பாற்ற அல்ல.

விழவில்லை, ஆனால் தொட்டால் ஜிவ்வென்கிறது

எனக்கு அதிகக் கவலை தரும் அறிகுறி இது. ஃபிரிட்ஜ் கதவு, கம்ப்யூட்டர் பெட்டி, கிரைண்டர் உடம்பு லேசாக இழுத்தால் முதலில் எர்த் இல்லை என்று எடுத்துக்கொள்ளுங்கள். மூன்று பின் பிளக்கை இரண்டு பின் சாக்கெட்டில் செருக ஒரு கன்வெர்ட்டர் விற்கிறார்களே, அதைப் பயன்படுத்துகிறீர்களா? எக்ஸ்டென்ஷன் பாக்ஸைப் பிரித்துப் பார்த்தால் பலவற்றில் மூன்றாவது வயரே இருக்காது. சாக்கெட்டில் செருகினால் மூன்று விளக்கு எரிந்து எர்த் இருக்கிறதா என்று காட்டும் டெஸ்டர் பிளக் கடைகளில் கிடைக்கிறது, ஒன்று வாங்கி வைத்துக்கொள்ளலாம்.

எர்த் இருந்தால் கசிவு அதன் வழியே போய், யாரும் தொடும் முன்பே ஆர்சிசிபி விழும். எர்த் இல்லாவிட்டால் நீங்கள் தொடும்வரை காத்திருந்து, உங்கள் வழியாகப் போன பிறகுதான் விழும். கரியும் உப்பும் போட்ட பழைய எர்த் குழியில் கோடையில் தண்ணீர் ஊற்றச் சொல்வது இதற்காகத்தான்.

பலத்த ஷாக் அடித்தும் விழவில்லை என்றால் இரண்டு காரணம் உண்டு. ஒரு கை ஃபேஸிலும் மறு கை நியூட்ரலிலும் பட்டால் போனது அப்படியே திரும்பிவிடுகிறது, ஆர்சிசிபிக்கு நீங்களும் ஒரு பல்புதான். மற்றது, கரண்ட் வந்தது ஆர்சிசிபிக்கு முன்னாலிருந்து. கம்பத்திலிருந்து மீட்டருக்கு வரும் சர்வீஸ் வயர் அதன் காவலில் இல்லை. துணி காயப்போடும் இரும்புக் கம்பியை அந்த வயர் தாங்கும் குழாயிலோ அதன் பக்கத்திலோ கட்டியிருந்தால் இன்றைக்கே அவிழ்த்துவிட்டு நைலான் கயிறு கட்டுங்கள். அந்தக் கம்பியைத் தொட்டவர்களை இழுத்திருக்கிறது என்றால் கிட்டே போகாமல் மின்வாரியத்தைக் கூப்பிடுங்கள்.

டெஸ்ட் பட்டனை அழுத்தினாலும் விழவில்லை

மாதம் ஒருமுறை அதை அழுத்திப் பார்க்க வேண்டும். வருஷக்கணக்கில் அசையாமல் இருந்தால் உள்ளே உள்ள பொறி இறுகிப்போகும். அழுத்தும்போது கரண்ட் இருக்க வேண்டும், கரண்ட் இல்லாத நேரத்தில் அழுத்திவிட்டுக் கெட்டுப்போச்சு என்று முடிவு கட்டாதீர்கள். கரண்ட் இருந்தும் விழவில்லை என்றால் டிபி பாக்ஸைத் திறந்து பாலம் ஏதாவது போட்டிருக்கிறதா என்று முதலில் பார்க்கச் சொல்லுங்கள். இல்லை என்றால் அன்றைக்கே மாற்றுங்கள், ஐஎஸ் 12640 என்று அச்சிட்டதாகப் பார்த்து.

பட்டன் வேலை செய்தது என்பதால் எர்த் நன்றாக இருக்கிறது என்றும் எண்ண வேண்டாம். பட்டன் உள்ளுக்குள்ளேயே ஒரு சின்னக் கசிவை உண்டாக்கிப் பார்க்கிறது, எர்த்துக்கும் அதற்கும் சம்பந்தமே இல்லை. எர்த் வயரே இழுக்காத வீட்டிலும் அது டக்கென்று விழும்.